ரோட்டு ஆக்கிரமிப்புன்னா நோட்டீஸ் தேவையில்லையா?



ரோட்டுல கட்டினதை இடிக்க நோட்டீஸே வேண்டாம், உச்ச நீதிமன்றமே சொல்லிடுச்சுன்னு ஒரு ஃபார்வர்டு சுத்திட்டு இருக்கு. கூடவே ஜேசிபி வீடியோ, பின்னாடி மாஸ் பிஜிஎம். நம்ம குரூப்புகள்லயும் வருது. ஷேர் பண்றதுக்கு முன்னாடி ரெண்டு நிமிஷம் இதைப் படிச்சிடுங்க.

அந்த ஃபார்வர்டு பாதி உண்மை.

2024 நவம்பர் 13 அன்று நீதிபதிகள் கவாய், விஸ்வநாதன் அமர்வு ஒரு தீர்ப்பு கொடுத்தது. கட்டடத்தை இடிக்கும் முன் 15 நாள் நோட்டீஸ், நேரில் விளக்கம் சொல்ல வாய்ப்பு, காரணம் எழுதிய உத்தரவு, அதன் பிறகும் 15 நாள் அவகாசம். சாலை, தெரு, நடைபாதை, நீர்நிலை போன்ற பொது இடங்களில் உள்ள கட்டுமானங்களுக்கு இது பொருந்தாது என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. அந்த ஒரு வரியை மட்டும் கட் பண்ணித்தான் பரப்புறாங்க.

மீதிப் பாதி என்ன?

அதுக்கு ஒரு வாரம் முன்னாடி, நவம்பர் 6 அன்று, அதே உச்ச நீதிமன்றத்தில் இன்னொரு வழக்கு. உத்தரப் பிரதேசம் மகராஜ்கஞ்ச்ல 2019-இல் சாலை விரிவாக்கம்னு சொல்லி ஒருத்தர் வீட்டை இடிச்சாங்க. ஆக்கிரமிப்புன்னு அரசு சொன்னது 3.7 மீட்டர். போனது முழு வீடு. எழுத்துப்பூர்வமான நோட்டீஸ் கிடையாது. 25 லட்சம் ரூபாய் இழப்பீடு கொடுக்கச் சொன்னது நீதிமன்றம்.

அதோடு நிற்கவில்லை. சாலை விரிவாக்கத்துக்கு எல்லா மாநிலங்களுக்கும் ஒரு வழிமுறையும் வகுத்தது. ஆவணப்படி சாலையின் அகலம் எவ்வளவுன்னு பார். அளந்து எல்லை குறி. ஆக்கிரமிப்பு இருந்தால் நோட்டீஸ் கொடு. ஆட்சேபனை வந்தால் காரணத்தோடு முடிவு சொல். தானே அகற்றிக்கொள்ள அவகாசம் கொடு. இருக்கிற அகலம் போதலைன்னா, சட்டப்படி நிலத்தைக் கையகப்படுத்து.

யோசிச்சுப் பாருங்க. பெரும்பாலான வழக்குகளில் தகராறே அந்தச் சுவர் ரோட்டுல இருக்கா, பட்டா நிலத்துல இருக்கா என்பதுதான். அளக்காமலே ரோட்டுலதான் இருக்குன்னு முடிவு பண்ணிட்டா, விதிவிலக்கு பொருந்துமான்னு யார் சொல்றது?

அப்போ ஆக்கிரமிப்பை ஆதரிக்கிறோமா? இல்லவே இல்லை. நடைபாதை போயிட்டா ஸ்கூல் பிள்ளைங்க நடக்கிறது லாரிக்குப் பக்கத்துல. சந்து குறுகிட்டா ஆம்புலன்ஸ் உள்ளே வராது. 1985-இல் பம்பாய் நடைபாதைவாசிகள் வழக்கில் (ஓல்கா டெல்லிஸ் வழக்கு) ஐந்து நீதிபதிகள் அமர்வு ரெண்டையும் சேர்த்தே சொன்னது: பிழைப்புக்கான உரிமை வாழும் உரிமையின் ஒரு பகுதி, ஆனால் நடைபாதையை ஆக்கிரமிக்க யாருக்கும் உரிமை இல்லை. அகற்றலாம், நியாயமான முறைப்படி அகற்று என்பதுதான் 40 வருஷமா இருக்கிற சட்டம்.

தள்ளுவண்டிக்காரங்களுக்கும் 2014 சாலையோர வியாபாரிகள் சட்டம் இருக்கு. விற்பனைச் சான்றிதழ் வச்சிருக்கிறவரை அந்த இடத்திலிருந்து அகற்ற 30 நாள் நோட்டீஸ் தேவை.

இன்னொன்னு, நமக்கே சொல்லிக்க வேண்டியது. 2025 ஜனவரியில் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை, பொது இடங்களில் உள்ள கட்சி, சாதி, மத அமைப்புகளின் கொடிக்கம்பங்களை 12 வாரத்தில் அகற்றச் சொன்னது. பெட்டிக்கடைக்கு ஒரு நியாயம், கொடிக்கம்பத்துக்கு ஒரு நியாயம்னு நாம பேச முடியாது.

உங்க தெருவுக்கு நோட்டீஸ் வந்தா:

👉 கைக்கு வந்த தேதியைக் குறிச்சு வைங்க.
👉 பட்டா, புல வரைபடம் எடுங்க. சர்வேயர் முன்னிலையில் அளக்கச் சொல்லுங்க.
👉 பதிலை எழுத்தில் கொடுத்து, நகலில் சீல் வாங்குங்க.
👉 வக்கீல் வைக்க வசதி இல்லைன்னா மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்க.
👉 அளந்த பிறகு ஆக்கிரமிப்புதான்னு தெரிஞ்சா, ஜேசிபி வர்ற வரைக்கும் காத்திருக்காம நீங்களே எடுத்திடுங்க.

அடுத்த முறை ஜேசிபி வீடியோ வந்தா ஹார்ட்டு போடுறதுக்கு முன்னாடி ஒரே ஒரு கேள்வி கேளுங்க: அளந்தாங்களா?

— தகவல் தொழில்நுட்ப அணி

#சாலை_எல்லோருக்கும் #சட்டமும்_எல்லோருக்கும்