இல்லாத கிரகத்துக்கு எதுக்குப் பயம்?



வல்கன் என்ற கிரகத்தைக் கேள்விப்பட்டிருக்கீங்களா? நெப்டியூன் இருக்கும் இடத்தை 1846-ல் கணக்குப் போட்டே சொன்னவர் பிரான்சு நாட்டு விஞ்ஞானி லெவெரியர். புதனின் பாதை மட்டும் கணக்குக்குச் சரியா வரலை. அதனால் சூரியனுக்குப் பக்கத்தில் இன்னொரு கிரகம் இருக்கணும்னு 1859-ல் சொன்னார். அதுதான் வல்கன். பலரும் வருஷக்கணக்கில் தேடினார்கள். 1915-ல் ஐன்ஸ்டீன் வல்கன் இல்லாமலேயே அந்தக் கணக்கைச் சரிசெய்தார். அதன்பிறகு விஞ்ஞானிகள் வல்கனை விட்டுவிட்டார்கள்.

நாம் விட்டோமா? ராகுவும் கேதுவும் கிரகமே இல்லை. வானத்தில் சூரியன் பாதையும் சந்திரன் பாதையும் வெட்டிக்கொள்ளும் இரண்டு புள்ளிகள். கிரகணத்தைக் கணக்கிட அவை உதவும். அது அறிவு. அதுக்காக தினமும் ஒன்றரை மணி நேரம் பயப்படலாமா?

திங்கட்கிழமை காலை 7.30 முதல் 9 வரை ராகு காலம். அப்பதான் நாம எல்லாரும் பள்ளிக்குக் கிளம்புறோம். யாருக்காவது படிப்பு கெட்டுப்போச்சா? ஆனால் காய்ச்சலில் துடிக்கும் குழந்தையை, ராகு காலம் போகட்டும்னு வீட்டிலேயே வைத்திருந்தால் என்ன ஆகும்? அது ராகுவின் தப்பா, நம்ம தப்பா?

தப்புன்னு தெரிஞ்சதும் பெரிய விஞ்ஞானிகளே விட்டாங்க. நாமும் விடுவோம். சிந்திப்போம்!

- 9-ஆம் வகுப்பு மாணவி