ரேம், பேட்டரி எல்லாம் ஓகே... அந்த டேப்லெட்டின் ஆயுள் எத்தனை ஆண்டு?

20 ஆயிரம் ரூபாயிலிருந்து 35 ஆயிரம் வரை. இந்தியாவில் 'மிட்-ரேஞ்ச்' டேப்லெட் என்றால் பெரும்பாலும் இந்த விலைக்குள்தான். புதிதாக வேலைக்குச் சேர்ந்த பலருக்கு இது ஒரு மாதச் சம்பளம். அதனால் யாரும் கண்ணை மூடிக்கொண்டு வாங்குவதில்லை. எத்தனை இன்ச்? எத்தனை ஜிபி ரேம்? பேட்டரி எவ்வளவு? எல்லாவற்றையும் ஒப்பிட்டுப் பார்த்துவிட்டுத்தான் ஆர்டர் போடுகிறார்கள்.

இந்த மூன்று கேள்விக்கும் பதில் பாக்ஸிலேயே இருக்கும். ஆனால், அந்த டேப்லெட் எத்தனை ஆண்டு உருப்படியாக ஓடும் என்ற தகவல் மட்டும் பெரும்பாலும் இருக்காது.

போனைவிட டேப்லெட்டுக்கு இது முக்கியம். டேப்லெட்டை யாரும் பாக்கெட்டில் போட்டுக்கொண்டு அலைவதில்லை. கீழே விழுவது குறைவு, சார்ஜ் போடுவதும் குறைவு. அதனால் திரையும் பேட்டரியும் நன்றாக இருக்கும்போதே சாப்ட்வேர் காலாவதியாகிவிடுகிறது. வீட்டு அலமாரியில் 'நல்லாத்தான் இருக்கு, ஆனா எதுவும் ஓட மாட்டேங்குது' என்ற நிலையில் கிடக்கும் பழைய டேப்லெட்களின் கதை இதுதான்.

பாக்ஸில் ஜெயித்தது ஒன்று, ஆயுளில் ஜெயித்தது வேறு

கிட்டத்தட்ட ஒரே விலையில் வந்த இரண்டு டேப்லெட்களை எடுத்துக்கொள்வோம்.

2019-ல் வந்த 7-ம் தலைமுறை ஐபேட், இந்தியாவில் 29,900 ரூபாயில் தொடங்கியது. 2020-ல் வந்த சாம்சங் கேலக்ஸி டேப் எஸ்6 லைட், வைஃபை மாடல் 27,999 ரூபாய்.

பாக்ஸை மட்டும் பார்த்தால் சாம்சங்தான் லாபம். ரேம் 4 ஜிபி, ஐபேடில் 3 ஜிபி. ஸ்டோரேஜ் 64 ஜிபி, ஐபேடில் 32 ஜிபி. சாம்சங்கில் மெமரி கார்டு போடலாம், எஸ் பென் பாக்ஸிலேயே வரும். ஐபேடில் கார்டு போட வழியில்லை, பென்சிலுக்குத் தனியாகக் காசு.

அடுத்த சில ஆண்டுகளில் என்ன நடந்தது? ஆண்ட்ராய்டு 10-உடன் வந்த அந்த சாம்சங் டேப்லெட்டுக்கு ஆண்ட்ராய்டு 13-உடன் புதிய பதிப்புகள் நின்றுவிட்டன. மொத்தம் 3 மேம்படுத்தல்கள். ஐபேட்ஓஎஸ் 13-உடன் வந்த ஐபேடுக்கு, 2024-ல் வந்த ஐபேட்ஓஎஸ் 18 வரை கிடைத்தது. மொத்தம் 5. 2025-ல் வந்த ஐபேட்ஓஎஸ் 26-ல்தான் அது பட்டியலிலிருந்து கழன்றது.

அப்போ ஐபேடே சரியான தேர்வா? அப்படியும் சொல்லிவிட முடியாது. அதிலிருந்த ஏ10 சிப், 2016-ல் ஐபோன் 7-ல் வந்தது. 32 ஜிபி-யில் சிஸ்டமே கணிசமான இடத்தை எடுத்துக்கொள்ளும். அப்டேட் வந்தாலும் அதை இறக்குவதற்கு இடம் வேண்டும், ஓட்டுவதற்கு வேகம் வேண்டும். ஆக, ஆயுளை முடிவு செய்பவை மூன்று: அப்டேட் காலம், சிப்பின் வயது, ஸ்டோரேஜ். விளம்பரத்தில் பெரிய எழுத்தில் வருவதோ திரையும் பேட்டரியும்.

பெயர் ஒன்று, சிப் மூன்று

அதே டேப் எஸ்6 லைட்டில் இன்னொரு பாடமும் இருக்கிறது. 2020-ல் வந்த அந்தப் பெயர், 2022-லும் 2024-லும் மீண்டும் கடைக்கு வந்தது. அதே 10.4 இன்ச் திரை, அதே 7,040 எம்ஏஎச் பேட்டரி. உள்ளே இருக்கும் சிப் மட்டும் வேறு. முதல் பதிப்பில் எக்ஸினோஸ் 9611, இரண்டாவதில் ஸ்னாப்டிராகன் 720ஜி, மூன்றாவதில் எக்ஸினோஸ் 1280. தொடக்க ஆண்ட்ராய்டு பதிப்பும் 10, 12, 14 என்று மாறியது.

பெயரை மட்டும் வைத்துத் தேடினால் மூன்றும் ஒரே பொருள் போலத் தெரியும். ஆனால், பழைய ஸ்டாக்கில் 2020 மாடலை வாங்கியவருக்கும் 2024 மாடலை வாங்கியவருக்கும் கிடைக்கும் ஆயுள் ஒன்றல்ல.

கடிகாரம் எப்போது ஓடத் தொடங்குகிறது?

பலரும் கவனிக்காத இடம் இது. '4 ஆண்டு அப்டேட்' என்று ஒரு நிறுவனம் சொன்னால், அது நீங்கள் வாங்கிய நாளிலிருந்து அல்ல. பெரும்பாலும், அந்த மாடல் அறிமுகமான நாளிலிருந்துதான்.

ஒரு சின்னக் கணக்கு. ஒரு டேப்லெட் 24,000 ரூபாய்க்கு அறிமுகமாகிறது, 4 ஆண்டு அப்டேட் என்று வைத்துக்கொள்வோம். முதல் நாளே வாங்கியவருக்கு ஆண்டுக்கு 6,000 ரூபாய் செலவு. இரண்டு ஆண்டு கழித்து பண்டிகை சேலில் அதுவே 18,000 ரூபாய். '6 ஆயிரம் மிச்சம்' என்று வாங்கினால், மீதி இருப்பது 2 ஆண்டுதான். அதாவது ஆண்டுக்கு 9,000 ரூபாய். தள்ளுபடியில் வாங்கியவர்தான் அதிகம் கொடுக்கிறார்.

சிப்புக்கும் இதே கணக்குதான். ஷாவ்மி பேட் 6 இந்தியாவுக்கு வந்தது 2023 ஜூனில், தொடக்க விலை 26,999 ரூபாய். 144 ஹெர்ட்ஸ் திரை, 8,840 எம்ஏஎச் பேட்டரி என்று அந்த விலைக்கு நல்ல பொருள்தான். ஆனால், அதிலிருக்கும் ஸ்னாப்டிராகன் 870 சிப் 2021 ஜனவரியில் அறிவிக்கப்பட்டது. 2023 அக்டோபரில் 19,999 ரூபாய்க்கு வந்த ஒன்பிளஸ் பேட் கோ-வில் இருப்பது, 2022-ல் அறிவிக்கப்பட்ட ஹீலியோ ஜி99. பழைய சிப் போடுவது குற்றமில்லை, விலை குறைவதே அதனால்தான். பொருள் புதிதாக இருந்தாலும் அதன் மூளைக்கு ஏற்கெனவே ஒன்றிரண்டு வயது ஆகியிருக்கும் என்பது தெரிந்து வாங்க வேண்டும், அவ்வளவுதான்.

அப்டேட் நின்றால் என்ன ஆகும்?

மறுநாளே டேப்லெட் நின்றுவிடாது. வீடியோ ஓடும், புத்தகம் படிக்கலாம். முதலில் நிற்பது பாதுகாப்புத் திருத்தங்கள். வங்கிக் கணக்கு, அலுவலக மெயில் எல்லாம் அதே கருவியில் இருந்தால் இது சாதாரண விஷயம் இல்லை. பிறகு ஆப்கள் ஒவ்வொன்றாகக் கைவிடும். 2025-ல் குரோம் பிரவுசர், ஆண்ட்ராய்டு 8, 9 பதிப்புகளுக்குப் புதிய அப்டேட் தருவதை நிறுத்தியது. கருவி கெட்டுப்போகவில்லை, ஆனாலும் ஒதுக்கப்பட்டுவிட்டது.

ஐரோப்பாவில் விதி, இந்தியாவில்?

ஐரோப்பிய ஒன்றியத்தில் 2025 ஜூன் 20 முதல் போன், டேப்லெட்களுக்குப் புதிய விதிகள் அமலில் இருக்கின்றன. நிறுவனம் வெளியிடும் ஓஎஸ் அப்டேட்கள், அந்த மாடல் சந்தைக்கு அனுப்பப்படுவது நின்ற பிறகும் குறைந்தது 5 ஆண்டுகளுக்கு இலவசமாகக் கிடைக்க வேண்டும். கவனியுங்கள், அறிமுக நாளிலிருந்து அல்ல. சேலில் கடைசியாக வாங்குபவரையும் காப்பாற்றும் வார்த்தை அது. 800 முறை சார்ஜ் செய்த பிறகும் பேட்டரியில் 80% திறன் மிச்சம் இருக்க வேண்டும். எவ்வளவு எளிதாகப் பழுதுபார்க்கலாம் என்பதற்கான மதிப்பீடும் லேபிளிலேயே வரும்.

இந்தியாவில், நுகர்வோர் விவகாரத் துறை 2022 டிசம்பரில் 'ரைட் டு ரிப்பேர்' இணையதளத்தைத் தொடங்கியது. மொபைல், எலக்ட்ரானிக்ஸ் பொருட்களுக்குப் 'பழுதுபார்ப்புக் குறியீடு' கொடுப்பது பற்றி ஆராய்ந்த குழு, 2025 மே மாதம் அறிக்கை கொடுத்தது. மதிப்பெண்ணுக்கான அளவுகோல்களில் சாப்ட்வேர் அப்டேட்டும் ஒன்று. கடையிலும் ஆன்லைனிலும் வாங்கும் இடத்திலேயே அந்த மதிப்பெண் தெரிய வேண்டும் என்பது குழுவின் பரிந்துரை. ஃபிரிட்ஜ், ஏசி வாங்கும்போது ஸ்டார் எண்ணிக்கையைப் பார்ப்பதுபோல இதையும் பார்த்து வாங்கலாம். எல்லா பாக்ஸிலும் அது வரும்வரை, கேட்டுத் தெரிந்துகொள்ளும் வேலை வாங்குபவருடையதுதான்.

வாங்கும் முன் 4 கேள்விகள்

1. இந்த மாடல் எந்த மாதம், எந்த ஆண்டு அறிமுகமானது? ஒரே பெயரில் பல பதிப்புகள் இருந்தால், கையில் வருவது எந்த ஆண்டுப் பதிப்பு?

2. ஓஎஸ் அப்டேட் எத்தனை ஆண்டு, பாதுகாப்பு அப்டேட் எத்தனை ஆண்டு? நிறுவனத்தின் அதிகாரப்பூர்வ பக்கத்தில் பாருங்கள். எங்குமே சொல்லவில்லை என்றால், அதுவும் ஒரு பதில்தான்.

3. ஸ்டோரேஜ் எந்த வகை? இஎம்எம்சி என்பது பழைய, மெதுவான வகை, யுஎஃப்எஸ் வேகமானது. 128 ஜிபி என்று ஒரே எண் போட்டிருந்தாலும், இரண்டு ஆண்டு கழித்து ஆப் திறக்கும் வேகத்தில் வித்தியாசம் தெரியும்.

4. ரேம் '8 ஜிபி + 8 ஜிபி' என்று போட்டிருக்கிறதா? இரண்டாவது 8, ஸ்டோரேஜிலிருந்து கடன் வாங்கியது. நிஜ ரேமின் வேகம் அதற்குக் கிடையாது. கணக்கில் முதல் 8-ஐ மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்.

இவற்றுக்குப் பதில் கிடைத்ததும், மீதி இருக்கும் அப்டேட் ஆண்டுகளால் விலையை வகுத்துப் பாருங்கள். இரண்டு டேப்லெட்களுக்கு நடுவே குழப்பம் இருந்தால், பல நேரம் அந்த ஒரு எண்ணே முடிவு சொல்லிவிடும்.