கொடுக்கும் கைக்கும் கணக்கு உண்டு

2022-ஆம் ஆண்டு மே மாதம் 16, 17 தேதிகளில் திருப்பூரில் பின்னலாடைத் தொழில் நின்றது. நூல் விலையேற்றத்தைத் தாங்க மாட்டாமல் உற்பத்தியாளர்கள் கதவடைத்தனர். கைத்தறியாளர் பாடும் அப்போது வேறாக இருக்கவில்லை. மறுநாள் 18-ஆம் தேதி, அரிசியும் பால் பொடியும் மருந்தும் ஏற்றிக்கொண்டு, தமிழக மக்களின் உதவியாகச் சென்னைத் துறைமுகத்திலிருந்து இலங்கைக்கு முதற் கப்பல் புறப்பட்டது.

அந்த வாரத்தில் நெசவாளர் சங்கமொன்றின் கூட்டத்துக்கு நாம் சென்றிருந்தோம். வரவு செலவு வாசித்து முடிந்ததும் மூத்த அங்கத்தினர் ஒருவர் எழுந்தார். “ஏனுங்க சார், இங்க நூல் வாங்க வழியைக் காணோம், அங்க கப்பல் கப்பலா அரிசி போவுது. இது எந்தூரு நாயமுங்க?” என்று கேட்டார். கூட்டத்தில் சிரிப்பு எழுந்தது, பெரியவர் சிரிக்கவில்லை. நாம் அன்று ஏதோ சமாதானம் கூறி அமர்ந்தோம். அது விடையன்று என்பதை நாமே அறிவோம். பாக்கிப்பட்ட அந்த விடையை இப்போது செலுத்த முற்படுகிறோம்.

இலங்கையில் அந்நியச் செலாவணி வற்றி, எரிபொருளுக்கும் மருந்துக்கும் மக்கள் வரிசையில் நின்று வாடிய காலம் அது. 40,000 டன் அரிசி, 500 டன் பால் பொடி, உயிர்காக்கும் மருந்துகள் ஆகியவற்றை ஏறத்தாழ 123 கோடி ரூபாய் மதிப்பில் அனுப்பத் தமிழக அரசு முடிவு செய்தது. நம் மாநில மக்கள்தொகையால் வகுத்துப் பார்த்தால் தலைக்கு 16 ரூபாய் அளவே வரும். அந்தப் பதினாறு ரூபாயை நிறுத்தியிருந்தால் நூல் விலை இறங்கியிராது. ஆயினும் தொகை சிறிது என்பதால் கேள்வி சிறிதாகிவிடாது. ஒரு நாடு மற்றொரு நாட்டுக்குக் கொடுப்பது அறமா, அரசியலா? அறமாயின் அதன் வரம்பு யாது? அரசியலாயின் அதில் ஏழை நெசவாளியின் பங்கு ஏன்?

விடை காணப் பழைய ஏட்டைப் புரட்ட வேண்டும். நாமும் வாங்கி உண்டவர்களே. அமெரிக்கா 1954-இல் இயற்றிய பொதுச் சட்டம் 480-இன் கீழ், 1956-இல் செய்த உடன்படிக்கையின்படி அந்நாட்டுக் கோதுமையும் பருத்தியும் பிற விளைபொருள்களும் இந்தியாவுக்கு வந்தன. டாலர் வேண்டாம், ரூபாயே போதும் என்ற சலுகை நமக்கு உதவியது. தேங்கிக் கிடந்த தானியத்துக்குப் போக்கிடம் கிடைத்தது அவர்களுடைய உழவர்க்கு உதவியது. கொடுத்தவர்க்கும் அதில் ஆதாயம் இருந்தது. மலிந்த கோதுமை வந்து குவிந்ததால் நம் உழவர்க்குரிய விலை தாழ்ந்ததென்றும், வேளாண்மையில் அரசாங்கத்தின் கவனம் தளர்ந்ததென்றும் பொருளியல் அறிஞர் சிலர் எடுத்துரைத்தனர்.

1965-இல் மழை பொய்த்தது. 1964-65-இல் சுமார் 8.9 கோடி டன்னாக இருந்த உணவு தானிய விளைச்சல் அடுத்த ஆண்டில் சுமார் 7.2 கோடி டன்னாகச் சரிந்தது. அப்போது மத்திய உணவு, வேளாண்மை அமைச்சராக இருந்தவர் நம்மவர்; பொள்ளாச்சியை அடுத்த செங்குட்டைப்பாளையத்தில் பிறந்த சி. சுப்பிரமணியம் அவர்கள். அமெரிக்க ஜனாதிபதி ஜான்சன் நீண்டகால உடன்படிக்கைக்கு இசையாமல், தானியத்தைச் சிறிது சிறிதாக அளந்து விடுவித்தார். இந்தியா தன் வேளாண்மைக் கொள்கையை மாற்ற வேண்டுமென்பது அவர் வெளிப்படையாகக் கேட்டது. வியட்நாம் போரை இந்தியா குறைகூறியது அவருக்கு உவக்கவில்லை என்பதும் உலகறிந்த செய்தி. அடுத்த கப்பல் வருமா, வராதா என்று ஒரு பெருநாடு கடலைப் பார்த்துக் காத்திருந்தது.

இங்கே நடுநிலையோடு நோக்க வேண்டிய செய்தி ஒன்று உண்டு. 1965 நவம்பரில் ரோம் நகரில் அமெரிக்க வேளாண்மைத் துறைச் செயலர் ஆர்வில் ஃப்ரீமனும் சி. சுப்பிரமணியமும் ஓர் உடன்பாட்டுக்கு வந்தனர். வேளாண்மையில் முதலீட்டைப் பெருக்குவதும் உரத்துக்கும் புதிய விதைக்கும் முதலிடம் தருவதும் அதன் சாரம். இவை சி. சுப்பிரமணியம் தாமே விரும்பி, நாட்டுக்குள் எதிர்ப்புக்கிடையே வாதாடி வந்தவை. 1966-இல் மெக்சிகோவிலிருந்து 18,000 டன் கோதுமை விதையை இந்தியா வாங்கிற்று. 1967-68-இல் தானிய விளைச்சல் 9.5 கோடி டன்னை எட்டியது. ஆக, சொன்ன யோசனை தீயதன்று. அந்த யோசனையைப் பசித்தவன் கழுத்தில் கயிறாகப் பூட்டியதே தீயது. உதவியாக வந்த சோறு அன்றன்றே தீர்ந்தது. விலை கொடுத்து வாங்கிய விதை நிலைத்தது.

வாங்கியபோது நமக்குக் கசந்ததைக் கொடுத்தபோது நாம் நினைவில் வைத்தோமா? 1987 ஜூன் 3-ஆம் தேதி யாழ்ப்பாணத்து மக்களுக்கென நிவாரணப் பொருள்களோடு இராமேசுவரத்திலிருந்து சென்ற படகுகளை இலங்கைக் கடற்படை திருப்பி அனுப்பியது. மறுநாள் இந்திய விமானங்கள், போர் விமானங்களின் காவலோடு பறந்து, சுமார் 25 டன் பொருள்களை யாழ்ப்பாணத்தின்மீது இறக்கின. முற்றுகைக்குள் அகப்பட்டவர் பசி மெய்யானது. ஆதலின் அச்செயலை வெறும் நாடகமென ஒதுக்க நமக்கு மனம் வரவில்லை. ஆயினும் ஊர்ப் பசிக்கு 25 டன் எம்மட்டு? பொட்டலத்தோடு வலிமையும் அன்று வானத்திலிருந்து இறங்கியது என்பதை மறைப்பானேன்? இரண்டு மாதத்துக்குள், ஜூலை 29-இல், இந்திய–இலங்கை உடன்படிக்கை கையெழுத்தாயிற்று. ஒரு நாட்டின் உதவியில் அரசியல் கலவாதிருப்பது அரிது. கலந்திருக்கிறது என்பதை ஒப்புக்கொள்வதே நேர்மையின் முதற்படி.

நெசவாளர்க்கு நெருங்கிய உதாரணம் ஒன்றைச் சொல்வோம். 2004 டிசம்பர் 26-இல் ஆழிப்பேரலை தாக்கியபின், நாகப்பட்டினத்துக்கு நாடெங்கிலுமிருந்து பழந்துணி வந்து குவிந்தது. உடுத்துவாரின்றி அவை சாலையோரங்களில் கிடந்தன. கொடுத்தவர் மனம் நிறைந்தது. வாங்க வேண்டியவர் மானம் நொந்தது. இதுவே உலக அளவில் நடந்தால் என்னாகும்? செல்வ நாடுகளில் தருமத்துக்கென்று போடப்படும் பழந்துணியில் ஒரு பகுதி வணிகப் பொதியாகி ஆப்பிரிக்கச் சந்தைகளுக்குச் செல்கிறது. தம் நெசவும் தையலும் நசிவதைக் கண்ட கிழக்கு ஆப்பிரிக்க நாடுகள், பழந்துணி இறக்குமதியைப் படிப்படியாக நிறுத்த 2016-இல் தீர்மானித்தன. அமெரிக்கப் பழந்துணி வணிகர் முறையிட்டனர். பிற நாடுகள் பின்வாங்க, ருவாண்டா உறுதியாக நின்றது. 2018-இல் அந்நாட்டு ஆடைகளுக்கிருந்த வரிச் சலுகையை அமெரிக்கா நிறுத்திவைத்தது. தருமத்தில் தொடங்கிய துணி தண்டனையில் முடிந்தது!

கொடுப்பதிலுள்ள தீங்கு இதுவென்றால், திடீரென நிறுத்துவதிலுள்ள தீங்கு வேறு. 1961 முதல் இயங்கிய அமெரிக்க அயல்நாட்டு உதவி முகமையின் பணிகள் 2025 ஜனவரியில் ஒரே ஆணையால் முடக்கப்பட்டன. அவ்வாண்டு ஜூலை முதல் நாளோடு அந்த முகமையே செயல் நிறுத்தியது. பல நாடுகளில் நோயாளர்க்கு மருந்து தரும் பணிகள் நடுவழியில் தடைப்பட்டன. தன் பணத்தை நிறுத்திக்கொள்ள ஒரு நாட்டுக்கு உரிமையுண்டு. ஆனால் ஏணியில் ஏற்றிவிட்டவன், ஏறியவன் கால் ஊன்றுமுன் ஏணியை எடுக்கலாமா?

இத்தனையும் சொன்னதால், கொடுத்தலே கூடாதென்பது நம் கருத்தன்று. எவ்வாறு கொடுப்பது என்பதே கேள்வி. அதற்கு விடை நம் சங்கங்களின் விதிகளிலேயே உள்ளது. சர்வதேசக் கூட்டுறவு ஒன்றியம் 1995-இல் மான்செஸ்டர் நகரில் ஏற்ற கொள்கைகளுள் நான்காவது, வெளியிலிருந்து மூலதனம் பெறும் சங்கம் தன் அங்கத்தினரின் ஆளுகையும் தன்னுரிமையும் கெடாத நிபந்தனைகளின் பேரிலேயே பெற வேண்டும் என்கிறது. சங்கத்துக்கு நன்றாவது நாட்டுக்கும் நன்றாகும். திருவள்ளுவரும் ஈகைக்கு முன்னே ஒப்புரவறிதலை வைத்தார். கொடுப்பவன் மேலாகவும் பெறுபவன் கீழாகவும் நில்லாத உறவே ஒப்புரவு என்று நாம் கொள்கிறோம். கூட்டுறவும் அதுவே.

நாம் தணிக்கைக்குச் சென்ற ஊரொன்றில் நன்மனம் கொண்ட சிலர் தறிகள் வாங்கிக் கொடுத்திருந்தனர். அவ்வூரார் நெய்வது அகலமான போர்வை. வந்தவையோ சேலைத் தறிகள். நெய்வோரை ஒருவரும் கேட்கவில்லை. திறப்பு விழாவின் புகைப்படம் சுவரில் பளிச்சென்று இருந்தது. தறிகள் மூலையில் தூசு படிந்து கிடந்தன. அன்று முதல் எந்த உதவியையும் நாம் மூன்று கேள்விகளால் தணிக்கை செய்கிறோம். பெறுபவரைக் கேட்டுக் கொடுத்தோமா? இதனால் அங்கே எவர் பிழைப்பாவது கெடுகிறதா? எப்போது, எவ்வாறு முடியும் என்பதை முன்னரே சொன்னோமா?

2022-இன் உதவியை இக்கேள்விகளின் முன் நிறுத்துவோம். வடக்கு, கிழக்கு, மலையகத் தமிழர்க்கு அனுப்புவதே முதலில் எண்ணமாயிருந்தது. தமிழர்க்கென்று பிரிக்காமல் எல்லா மக்களுக்கும் அனுப்புமாறு அங்குள்ள தமிழரே வேண்டினர். ஏப்ரல் 29-இல் சட்டமன்றம் இயற்றிய தீர்மானம் இலங்கை மக்கள் அனைவரையும் கருதியது. அயல்நாட்டு உறவு மத்திய அரசின் பொறுப்பாதலின் அதன் அனுமதியும் பெறப்பட்டது. பெறுவோர் சொல்லைக் கேட்டுக் கொடுப்போர் தம்மைத் திருத்திக்கொண்டனர். பசியின்போது பொருளாகச் சென்றது. அளவும் முன்கூட்டியே அறிவிக்கப்பட்டது. ஆகவே அக்கணக்கு பெரும்பாலும் நேரானது என்பதே நம் முடிவு. விளம்பரம் மட்டும் இன்னும் குறைவாயிருந்திருக்கலாம். கலியாண வீட்டில் மொய் எழுதும்போது பெயரை உரக்கச் சொல்வது வழக்கந்தான். துன்பப்பட்ட வீட்டுக்கு அரிசி கொண்டு போகிறவன் ஒலிபெருக்கி எடுத்துச் செல்வதில்லை.

இனி நம் அங்கத்தினர் மனத்தில் எழக்கூடிய ஆசை ஒன்றையும் சொல்லிவிடுவோம். “சங்கங்களில் தேங்கிய துணியை உதவியாக அனுப்பலாமே, நமக்கும் கூலி கிடைக்குமே” என்று நம்மிடம் கேட்டவர் உண்டு. கேட்க இனிக்கும் யோசனை. ஆனால் கிழக்கிலங்கையில் மருதமுனை என்ற ஊர் கைத்தறிக்குப் பேர்போனது. அங்கே விலையில்லாத் துணி போய் இறங்கினால், அங்குள்ள தறிக்காரர் யாரிடம் முறையிடுவார்? தேங்கிய கோதுமையால் நம் உழவர்க்கு நேர்ந்ததென்று சொல்லப்படுவதை, தேங்கிய துணியால் நாம் பிறர்க்குச் செய்யலாமா? அங்குள்ள தறிக்கு நூலும் சாயமும் வேண்டுமென்று அவர்களே கேட்டால், அதைத் தருவது உதவி. நம் கிடங்கைக் காலி செய்வது வியாபாரம். வியாபாரம் இழிவன்று, அதற்கு அறத்தின் பெயரைச் சூட்டுவதே இழிவு.

பெரியவருக்கு நம் விடை இது. ஐயா, நூல் விலை பற்றிய உங்கள் முறையீடு நியாயமானது. அதைக் கோவையிலும் சென்னையிலும் டில்லியிலும் ஓங்கிச் சொல்ல வேண்டும். அக்குரலுக்கு அந்த அரிசிக் கப்பல் எதிரியன்று. கப்பலுக்காகக் காத்திருந்த நாட்களை உங்கள் தலைமுறை கண்டிருக்கிறது. அக்காத்திருப்பின் கைப்பை அறிந்தவர்களே, பிறர் தலை குனியாமல் கொடுக்கத் தகுதி பெற்றவர்கள். உங்கள் 16 ரூபாய்க்கும் கணக்குக் கேளுங்கள். கேட்பது உங்கள் உரிமை. ‘ஏன் கொடுத்தீர்கள்’ என்பதோடு நில்லாமல், ‘அவர்களைக் கேட்டுக் கொடுத்தீர்களா’ என்றும் சேர்த்துக் கேளுங்கள். அங்கத்தினர் அவ்வாறு கேட்கும் நாட்டில், கொடுக்கும் கையும் கணக்குக்கு அடங்கியே நடக்கும்.