கட்டாய மதமாற்றம்: செய்தது யார், பழி யார் மீது?

கிறிஸ்தவம் நுழைந்த இடமெல்லாம் பண்டைய மதங்கள் அழிந்தன. ஐரோப்பாவுக்கு நேர்ந்த கதி நாளை பாரதத்துக்கும் நேரும் என்பது சங் பரிவாரத்தின் நெடுநாள் பிரச்சாரம். கர்நாடகத்தில் பாஜக அரசு 2021 டிசம்பரில் சட்டமன்றத்தில் நிறைவேற்றி, 2022 மே மாதம் அவசரச் சட்டமாகவும், செப்டம்பரில் மேலவை ஒப்புதலோடு முழுமையான சட்டமாகவும் கொண்டுவந்த மதமாற்றத் தடைச் சட்டம் இந்த அச்சத்தின் மீதே எழுப்பப்பட்டது. ஐரோப்பாவைச் சாட்சிக்கு அழைத்தவர்கள் அதன் சாட்சியத்தை முழுமையாகக் கேட்க வேண்டும்.

வாளும் தசமபாகமும்

தொடக்ககாலக் கிறிஸ்தவம் அடிமைகளின், ஏழைகளின், ஒடுக்கப்பட்டோரின் இயக்கமாகப் பிறந்தது என்பதை எங்கெல்ஸ் தம் இறுதிக் காலக் கட்டுரையில் விளக்கினார். ஆனால் கி.பி. 380இல் அது ரோமப் பேரரசின் அரசு மதமாயிற்று. அதன் பின்னர் ஐரோப்பாவில் அது பரவியது பெரும்பாலும் மேலிருந்து கீழாகவே. பிராங்கு மன்னன் குளோவிஸ் ஞானஸ்நானம் பெற்றபோது அவனது வீரர்கள் 3,000க்கும் மேற்பட்டோர் உடன் பெற்றதாகப் பழைய வரலாற்று நூல் கூறுகிறது. 988இல் கீவ் மன்னன் விளாடிமிர், ஆற்றில் இறங்கி ஞானஸ்நானம் பெறாதவர் தனக்குப் பகைவர் என அறிவித்ததாக ருஷ்யப் பழங்குறிப்பு சொல்கிறது. மன்னன் மாறினான், மக்கள் மாற்றப்பட்டனர்.

இதன் கொடிய வடிவம் சாக்சனி. சார்லமேன் அந்நாட்டின் மீது 772இல் தொடங்கிய போர் 804 வரை நீண்டது. 782இல் வெர்டன் என்னுமிடத்தில் 4,500 சாக்சன்கள் ஒரே நாளில் வெட்டப்பட்டதாகப் பிராங்கு அரசவைக் குறிப்பே பதிவு செய்துள்ளது. அவன் பிறப்பித்த சட்டம் ஞானஸ்நானத்தை மறுப்போருக்கும், இறந்தவரைப் பழைய வழக்கப்படி எரிப்போருக்கும் மரண தண்டனை விதித்தது. அதே சட்டம் விளைச்சலிலும் உழைப்பிலும் பத்தில் ஒரு பங்கைத் திருச்சபைக்குச் செலுத்த ஆணையிட்டது. ஒவ்வொரு 120 பேருக்கும் ஓர் ஆண் ஊழியனையும் ஒரு பெண் ஊழியையும் திருச்சபைக்கு அளிக்கச் சொன்னது. விசுவாசம் பதியும் முன்பே வரி விதிப்பது தகுமா என்று சார்லமேனின் சொந்த ஆலோசகர் அல்குவின் எழுதிக் கேட்டார். அந்தக் கேள்வியே உண்மையை உடைத்துவிடுகிறது: மாற்றப்பட்டது வழிபாடு மட்டுமல்ல, நிலத்தின் மீதும் உழைப்பின் மீதுமான உரிமை.

சாக்சன் பிரபுக்களில் பலர் வென்றவனோடு சேர்ந்து தம் நிலத்தைக் காத்துக்கொண்டனர். 841இல் சாக்சன் உழவரும் அரையடிமைகளும் பழைய வழக்கங்களை மீட்கக் கோரி ‘ஸ்டெல்லிங்கா’ என்ற பெயரில் கிளர்ந்தெழுந்தபோது, அதை நசுக்கிய கைகளில் அந்தப் பிரபுக்களின் கைகளும் இருந்தன.

தொம்மலூர்க் கல் சொல்வது

இது ஐரோப்பாவின் தனிக் கதை அன்று. பெங்களூரு தொம்மலூரில் மேம்பாலத்துக்கும் தகவல் தொழில்நுட்ப வளாகங்களுக்கும் நடுவே சொக்கநாதசுவாமி கோயில் நிற்கிறது. சோழர் காலத்தில் தோன்றியதாகக் கருதப்படும் இப்பெருமாள் கோயிலில் தமிழ்க் கல்வெட்டுகள் உள்ளன. அவற்றில் ஊரின் பெயர் தொம்பலூர். தேசிமாணிக்கப்பட்டணம் என்பது மறுபெயர். போசள மன்னன் இராமநாதன் காலத்து எழுத்துகளும் அங்குண்டு. அக்கல்வெட்டுகள் பேசுவது பக்தியை மட்டுமல்ல. தானங்களையும் ஊர் வருவாயையும்தான்.

11ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சோழப் படை கங்கவாடியை வென்றது. படைக்குப் பின்னால் கோயிலும் பிரம்மதேயமும் வந்தன. தேவதான நிலம் வந்தது. வரி தண்டும் முறை வந்தது. உழுதவனின் உபரியைக் கடவுளின் பெயரால் திரட்டும் ஏற்பாடு அது. சாக்சனியில் மடாலயம் செய்த பணியை இங்கு கோயில் செய்தது. மகேந்திரவர்மப் பல்லவன் சமணத்திலிருந்து சைவத்துக்கு மாறியதைச் சைவ மரபு வெற்றியாகக் கொண்டாடுகிறது. மதுரையில் எண்ணாயிரம் சமணர் கழுவேறியது உண்மையில் நடந்ததா என ஆய்வாளர் பலர் ஐயுறுகின்றனர். ஆனால் அது பெருமையாகவே பாடப்பட்டு வந்தது. அரச வலிமையால் மதம் மாற்றுவதைக் கண்டிக்கும் எவரும் இந்தப் பக்கங்களைத் தாண்டிச் செல்ல முடியாது.

கீழிருந்து எழுந்த மாற்றம்

இதற்கு நேரெதிரான வரலாறும் இம்மண்ணில் உண்டு. 12ஆம் நூற்றாண்டில் கல்யாணத்தில் பசவண்ணரைச் சூழ்ந்த சரணர்கள் சாதியை மறுத்தனர். பிராமணக் குடும்பத்துப் பெண்ணுக்கும் செருப்புத் தைக்கும் குடும்பத்து இளைஞனுக்கும் மணம் முடித்ததற்காக இருவரின் தந்தையரும் கொல்லப்பட்டதாக மரபு கூறுகிறது. 1981இல் நெல்லைச் சீமையின் மீனாட்சிபுரத்தில் தலித் மக்கள் கூட்டமாக இஸ்லாத்தைத் தழுவினர். 1956 அக்டோபர் 14இல் நாகபுரியில் அம்பேத்கரோடு லட்சக்கணக்கானோர் பௌத்தம் ஏற்றனர். இவர்களின் பின்னால் எந்தப் படையும் நிற்கவில்லை. எதிரே நின்றது சாதி.

மதம் மாறியதால் சாதி ஒழிந்ததா? இல்லை. வடக்கன்குளம் தேவாலயத்தில் சாதிகளைப் பிரித்த சுவர் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கம் வரை நின்றது. 2008இல் எறையூரில் சம உரிமை கேட்ட தலித் கிறிஸ்தவர்களைத் தாக்கியோரும் கிறிஸ்தவர்களே. நிலமும் கூலியும் பழைய கைகளில் இருக்கும்வரை சாமி மாறலாம், சேரி மாறாது. ஆயினும் மாறும் உரிமையைப் பறிப்பவன் சேரிக்கு நண்பனல்லன்.

சட்டத்தின் இலக்கு

கர்நாடகச் சட்டம் மதம் மாற விரும்புவோர் 30 நாள் முன்னதாக மாவட்ட ஆட்சியரிடம் அறிவிக்க வேண்டும் என்கிறது. உறவினர் மட்டுமன்றி உடன் பணிபுரிபவரும் புகார் செய்யலாம். குற்றமற்றவர் என்று மெய்ப்பிக்கும் பொறுப்பு குற்றம் சாட்டப்பட்டவர் மீதே சுமத்தப்படுகிறது. பெண்களையும் பட்டியல் சாதி, பழங்குடி மக்களையும் சிறாரோடு ஒரே வரிசையில் வைத்து, அவர்களை மாற்றுவோருக்கு 10 ஆண்டு வரை சிறை என்கிறது. அதாவது அவர்கள் சொந்த அறிவால் முடிவெடுக்க முடியாதவர்கள் என்பது அதன் துணிபு. ‘முந்தைய மதத்துக்கு’த் திரும்பினால் மட்டும் அது மதமாற்றமே அன்று. போகும் வாசலில் காவலர். திரும்பும் வாசலில் தோரணம்!

கட்டாயம் என்பதற்கு அதிகாரம் வேண்டும். சார்லமேனிடம் படையும் சட்டமும் இருந்தன. இன்று படையும் சட்டமும் யாரிடம் உள்ளன? வீட்டுக்குள் ஜெபம் செய்யும் கூலித் தொழிலாளியிடமா, அந்த வீட்டின் முன் கும்பலைத் திரட்டுவோரிடமா? மனச்சாட்சி மீது மரண தண்டனை விதித்த அந்தச் சட்டத்தின் வாரிசு பாதிரியாரல்லர். ஆட்சியரிடம் அனுமதி வாங்கிவந்து கடவுளைக் கும்பிடு என்கிற அரசே.

2023 ஜூனில் சித்தராமையா அமைச்சரவை இச்சட்டத்தை நீக்க முடிவெடுத்தது மக்களின் தீர்ப்புக்குக் கிடைத்த பலன். ஆனால் உத்தரப் பிரதேசம், குஜராத் உள்ளிட்ட பல மாநிலங்களில் இத்தகைய சட்டங்கள் இயற்றப்பட்டுள்ளன. அவை அனைத்தையும் எதிர்ப்பதோடு இடதுசாரிகளின் பணி முடிவதில்லை. 1950 குடியரசுத் தலைவர் ஆணையின்படி தலித் கிறிஸ்தவருக்கும் தலித் முஸ்லிமுக்கும் மறுக்கப்படும் பட்டியல் சாதித் தகுதியை வென்றெடுக்க வேண்டும். மனச்சாட்சி உரிமைக்கான போராட்டத்தை நிலம், கூலி, குடியிருப்புக்கான போராட்டத்தோடு இணைக்க வேண்டும். எந்தக் கடவுளை வணங்குவது, வணங்காதிருப்பது என்பதை உழைப்பவரே முடிவு செய்யட்டும். அவர் உழைப்பின் பலனை யார் கொண்டுபோவது என்பதையும் அவரே முடிவு செய்யும் நாள்வரை அப்போராட்டம் ஓயாது.