பேணுதலும் ஆய்வுப்பணியே

ஒரு தொகுப்பை உருவாக்கியவரின் பெயர் நிலைத்துவிடுகிறது. அதை ஆண்டுதோறும் திருத்திப் பேணுபவரின் பெயர் பெரும்பாலும் பதிவாவதே இல்லை. இந்த ஏற்றத்தாழ்வை ஆராய விரும்புவோர், ரசிகர்கள் தாமே உருவாக்கும் சீட்டுத் தொகுப்புகளைக் கூர்ந்து நோக்கலாம்.

ரிச்சர்ட் கார்ஃபீல்டு வடிவமைத்து 1996-இல் வெளிவந்த ‘நெட்ரன்னர்’ என்னும் சீட்டு விளையாட்டு, 2012-இல் ஃபேன்டசி ஃப்ளைட் கேம்ஸ் நிறுவனத்தின் வழியாகப் புதுவடிவம் பெற்றது. உரிமம் முடிவுக்கு வந்ததால் 2018-இல் அந்நிறுவனம் வெளியீட்டை நிறுத்தியது. ஆயினும் அதே ஆண்டில் ரசிகர்கள் ஓர் அமைப்பாகத் திரண்டனர். இன்று ‘நல் சிக்னல் கேம்ஸ்’ எனப்படும் அவ்வமைப்பு புதிய சீட்டுகளைத் தொடர்ந்து வெளியிட்டுவருகிறது.

அவர்களது பணியில் புதிய சீட்டுகளைக் காட்டிலும் பராமரிப்பே என்னை ஈர்க்கிறது. 2021-இல் வெளியான இரு தொகுப்புகளுள் ஒன்று புதியவர்களுக்கான தொடக்கத் தொகுப்பு. மற்றொன்று பழைய சீட்டுகளுள் தேர்ந்தெடுத்தவற்றின் மறுபதிப்பு. அச்சில் இல்லாத சீட்டுகளைத் தேடி அலையும் சுமை இதனால் குறைந்தது. ஆட்டத்தின் சமநிலையைக் குலைக்கும் சீட்டுகளைத் தடைசெய்வதும், ஐயத்துக்கு இடமான விதிகளைத் தெளிவுபடுத்துவதும், பழைய தொகுப்புகளைப் போட்டிகளிலிருந்து படிப்படியாக விலக்குவதும் அவர்களது அன்றாடப் பணிகள். புதுப்பித்தல் என்பது சேர்த்தல் மட்டுமன்று. கழித்தலும், கழித்ததற்குக் காரணம் கூறுதலும் அதனுள் அடங்கும்.

மூல நிறுவனம் விலகிய பின்னர் இவர்களது விதியை ஏனையோர் ஏன் ஏற்கின்றனர்? தொடர்ந்து பொறுப்பேற்பதால் விளையும் நம்பிக்கையே அந்த அதிகாரத்தின் ஊற்று. அதேவேளை, பெருமளவு தன்னார்வத்தில் நடைபெறும் இவ்வுழைப்பைத் தியாகமெனப் போற்றிவிட்டு நகர்வது நேர்மையாகாது. சிலரது ஓய்வு நேரத்தை நம்பி நிற்கும் எதுவும் அவர்கள் களைப்புறும் நாளில் நின்றுபோகலாம்.

இந்த எச்சரிக்கை நமக்கும் பொருந்தும். முனைவர் பட்டத்துக்காகத் திரட்டிய சொற்றொகுதிகளும் தரவுத்தளங்களும் ஆய்வேடு ஒப்படைக்கப்பட்டதும் கைவிடப்படுவதை நம் துறைகளில் காண்கிறோம். பிழை திருத்துவோருக்கு மதிப்பெண்ணும் இல்லை, நிதியும் இல்லை. ஆய்வேட்டுடன் ஒரு பராமரிப்புத் திட்டத்தையும் கேட்போம். மாற்றங்களின் பதிவேட்டை மேற்கோளுக்குரிய ஆவணமாக ஏற்போம். பிறர் தொடங்கிய தொகுப்பைத் திருத்தி வளர்க்கும் மாணவரின் உழைப்பையும் ஆய்வென மதிப்பிடுவோம். ரசிகர்கள் ஒரு விளையாட்டுக்குச் செய்ததை, பல்கலைக்கழகங்கள் அறிவுக்குச் செய்யத் தயங்கலாகாது.