தண்ணியில்லாக் காட்டின் சட்ட விளக்கம்

‘தண்ணியில்லாக் காட்டுக்கு மாற்றிவிடுவேன்’ என்று மேலதிகாரி உறுமினால் அது தண்டனை என்பது கடைநிலை ஊழியருக்கும் விளங்கும். நீதிமன்றத்துக்கு மட்டும் அது நிர்வாக நலன்.

1993இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த அப்பாஸ் வழக்கையே பாருங்கள். ஷில்லாங்கில் மத்திய அரசின் தோட்டக் காப்பாளர்; மனைவிக்கும் அங்கேயே மத்திய அரசுப் பணி. இவரைப் பௌரிக்கு மாற்றினார்கள். கணவன் மனைவியைக் கூடியமட்டும் ஓரூரில் அமர்த்த வேண்டும் என்று அரசே வகுத்த நெறி உண்டு. ஆனால் அதற்குச் சட்ட வலு கிடையாதாம். பிறகு அதை அச்சடிப்பானேன்?

தீய நோக்கமோ சட்ட விதிமீறலோ இருந்தால் தலையிடுவார்களாம். நோக்கத்தை மெய்ப்பிக்க வேண்டியவர் ஊழியர். சான்று உறங்குவதோ மாற்றியவரின் கோப்பில். 2008இல் சோமேஷ் திவாரி வென்றார். போபாலிலிருந்து (மறுபடியும்) ஷில்லாங்குக்கு அவரை அனுப்பியதன் அடிப்படை ஒரு மொட்டைக் கடிதம் என்பதும், அதன் புகார் விசாரணையில் மெய்ப்படவில்லை என்பதும் வெளிப்பட்டன. இப்படித் தடயம் விட்டுவைக்கும் அதிகாரி எத்தனை பேருக்கு வாய்ப்பார்?

மாற்றும் அதிகாரத்தை நாம் மறுக்கவில்லை. காரணத்தை ஆணையிலேயே எழுதுங்கள் என்கிறோம். இன்றோ, தடையாணை கிடைக்காதவர் முதலில் பெட்டி கட்டிப் புது ஊரில் கையொப்பமிட வேண்டும். வழக்கு பிறகு, பிள்ளைகளின் பள்ளி மாற்றுச் சான்றிதழ் வாங்கியான பின்.