போகிமான் கோ முட்டையின் உண்மையான விலை என்ன? பெங்களூரு எழுப்பும் கேள்விகள்

பெங்களூரு: கைப்பேசித் திரையில் ஒரு முட்டை. அதைப் பொரிக்க வேண்டுமானால், அதை வைத்திருப்பவர் 2 கிலோமீட்டர் முதல் 12 கிலோமீட்டர் வரை நடந்தாக வேண்டும். 'போகிமான் கோ' விளையாட்டின் இந்த எளிய விதி, 2016-ஆம் ஆண்டில் இந்திய உயர் நீதிமன்றம் ஒன்றின் படியேறியது. கோயில்களில் முட்டை காட்டப்படலாமா என்பதே அன்று எழுந்த கேள்வி. ஆண்டுகள் பல கடந்த நிலையில், ஆன்லைன் விளையாட்டுகளுக்கும் தனிநபர் தரவுகளுக்கும் புதிய சட்டங்கள் வந்துள்ளன. இப்போது கேட்க வேண்டிய கேள்வி வேறு. அந்த முட்டைக்கு விளையாடுபவர் உண்மையில் எதை விலையாகக் கொடுக்கிறார்?

நடை, பணம், இருப்பிடத் தகவல் ஆகிய மூன்றுமே அந்த விலை. இம்மூன்றையும் ஒருசேர ஆராய ஏற்ற நகரம் பெங்களூரு. 2016 ஜூலையில் சில வெளிநாடுகளில் இந்த விளையாட்டு அறிமுகமானபோது, இந்தியாவில் அதிகாரபூர்வமாக வெளியாகும் முன்பே பெங்களூரு இளைஞர்கள் கப்பன் பூங்காவில் கூடி விளையாடத் தொடங்கினர். அந்தப் பூங்காவின் ஓரத்தில் நிற்கும் அட்டாரா கச்சேரி கட்டடத்தில்தான் கர்நாடக உயர் நீதிமன்றம் இயங்குகிறது. ஆன்லைன் விளையாட்டுகள் தொடர்பான நாட்டின் முக்கிய வழக்குகள் சில அங்குதான் தொடங்கின.

முட்டை பொரிவது எப்படி?

இந்த விளையாட்டில் கோயில், தேவாலயம், சிலை, சுவரோவியம், பூங்கா போன்ற உண்மையான இடங்கள் 'போக்கேஸ்டாப்' எனப்படும் நிலையங்களாக வரைபடத்தில் குறிக்கப்பட்டுள்ளன. அவற்றின் அருகே சென்று திரையைச் சுழற்றினால் பொருள்கள் கிடைக்கும். சில வேளைகளில் முட்டையும் கிடைக்கும். அந்த முட்டையை 'இன்குபேட்டர்' என்ற அடைகாக்கும் கருவியில் வைத்துவிட்டு நடக்க வேண்டும். குறித்த தொலைவு நிறைவடைந்ததும் முட்டை பொரிந்து ஒரு போகிமான் வெளிவரும். எது வெளிவரும் என்பது அதிர்ஷ்டத்தைப் பொறுத்தது.

வாகனத்தில் சென்று ஏமாற்றுவதைத் தடுக்க வேகக் கட்டுப்பாடும் உண்டு. மணிக்குச் சுமார் 10 கிலோமீட்டரைத் தாண்டும் பயணம் கணக்கில் சேருவதில்லை என்பது விளையாடுபவர்கள் செய்த சோதனைகளில் தெரியவந்தது. 2018-ஆம் ஆண்டின் இறுதியில் வந்த 'அட்வென்ச்சர் சிங்க்' வசதி மற்றொரு மாற்றத்தைக் கொண்டுவந்தது. அதன்பின், செயலி மூடியிருந்தாலும் கைப்பேசியின் உடல்நலச் செயலியில் பதிவாகும் நடைத் தொலைவு முட்டையின் கணக்கில் சேர்கிறது.

ஆமதாபாத்தில் எழுந்த வழக்கு

வழிபாட்டுத் தலங்கள் போக்கேஸ்டாப் நிலையங்களாக இருந்ததுதான் முதல் சர்ச்சைக்குக் காரணம். இந்து, சமணக் கோயில்களில் அசைவ உணவாகக் கருதப்படும் முட்டை காட்டப்படுவது பக்தர்களின் மத உணர்வைப் புண்படுத்துவதாகக் கூறி, 2016 செப்டம்பரில் குஜராத் உயர் நீதிமன்றத்தில் பொதுநல மனு தாக்கல் செய்யப்பட்டது. தலைமை நீதிபதி ஆர். சுபாஷ் ரெட்டி தலைமையிலான அமர்வு, விளையாட்டை உருவாக்கிய அமெரிக்காவின் நியாண்டிக் நிறுவனத்துக்கும் மத்திய, மாநில அரசுகளுக்கும் நோட்டீஸ் அனுப்பியது.

இத்தகைய எதிர்ப்பு இந்தியாவில் மட்டும் எழவில்லை. வாஷிங்டனில் உள்ள யூத இனப்படுகொலை நினைவு அருங்காட்சியகமும் ஜப்பானின் ஹிரோஷிமா அமைதி நினைவுப் பூங்காவும் தங்கள் வளாகங்களை விளையாட்டிலிருந்து நீக்கக் கோரின. புனிதமான இடத்தையும் துயரம் சுமந்த இடத்தையும் கேட்காமலேயே ஆடுகளமாக்க ஒரு நிறுவனத்துக்கு உரிமை உண்டா என்ற கேள்வி நியாயமானது. எனினும், அன்றைய விவாதம் முட்டையின் உருவத்தோடு நின்றுவிட்டது. அதன் பின்னால் இருந்த வணிகம் பேசுபொருளாகவில்லை. அதே ஆண்டு டிசம்பரில் ரிலையன்ஸ் ஜியோவுடன் கைகோத்து இந்தியாவில் அதிகாரபூர்வமாக அறிமுகமானபோது, அந்நிறுவனத்தின் கடைகளே போக்கேஸ்டாப் நிலையங்களாயின. வரைபடத்தில் இடம்பெறுவதற்கு வணிக மதிப்பு உண்டு என்பதை அந்த ஒப்பந்தம் வெளிப்படையாகக் காட்டியது.

நடக்க இடம் உண்டா?

முட்டைக்கான முதல் விலை நடை. இதை நன்மையாகவே பலர் கருதுகின்றனர். அதற்கு ஆதாரமும் உண்டு. மைக்ரோசாப்ட், ஸ்டான்போர்டு ஆய்வாளர்கள் 2016-இல் வெளியிட்ட ஆய்வின்படி, தீவிரமாக விளையாடியவர்களின் நடை நாளொன்றுக்குச் சராசரியாக 1,473 காலடிகள் கூடியது. அதே ஆண்டு டிசம்பரில் பிரிட்டிஷ் மருத்துவ இதழில் வெளியான ஹார்வர்டு ஆய்வாளர்களின் கட்டுரை சற்று எச்சரிக்கையுடன் பேசியது. முதல் வாரத்தில் நாளொன்றுக்கு 955 காலடிகள் கூடின. ஆறாவது வாரத்தில் அந்த உயர்வு மறைந்து பழைய நிலையே திரும்பியது என்றது அது. தொலைவு இலக்கும் முட்டையும் ஒருவரை வீட்டுக்கு வெளியே வரவழைக்கலாம். தொடர்ந்து நடக்க வைப்பதற்கு அவை மட்டும் போதா.

பெங்களூருவில் மற்றொரு தடையும் உள்ளது. நகரின் பெரும்பாலான சாலைகளில் நடைபாதை தொடர்ச்சியாக இல்லை. இருக்கும் இடங்களிலும் பெயர்ந்த கற்களும் மின்மாற்றிகளும் நிறுத்தப்பட்ட இருசக்கர வாகனங்களும் வழியை மறிக்கின்றன. கப்பன் பூங்காவும் லால்பாக்கும் ரெசிடென்சி சாலை போல 'டெண்டர்ஷ்யூர்' திட்டத்தில் சீரமைக்கப்பட்ட சாலைகளும் 2018-இல் புதுப்பிக்கப்பட்ட சர்ச் தெருவும் விதிவிலக்குகள். போக்கேஸ்டாப் நிலையங்களாகத் தகுதிபெறும் சிலைகளும் கலைப்படைப்புகளும் பழைமையான கட்டடங்களும் இத்தகைய பகுதிகளில்தான் மிகுதி. எனவே, நகரின் மையத்தில் வசிப்பவருக்கு முட்டையும் கிடைக்கிறது, நடக்க இடமும் கிடைக்கிறது. புறநகர்க் குடியிருப்பில் வசிப்பவருக்கு இரண்டுமே அரிது.

இதில் ஒரு முரணும் உண்டு. டாம்டாம் நிறுவனத்தின் 2024-ஆம் ஆண்டுப் போக்குவரத்துக் குறியீட்டின்படி, பெங்களூருவில் 10 கிலோமீட்டர் பயணத்துக்குச் சராசரியாக 34 நிமிடம் 10 நொடி ஆகிறது. அதாவது மணிக்குச் சுமார் 17.6 கிலோமீட்டர் வேகம். நெரிசல் மிகுந்த நேரத்தில் இது மேலும் குறையும். விளையாட்டின் வேக வரம்புக்குக் கீழே வாகனங்கள் ஊரும்போது, காருக்குள் அமர்ந்திருப்பவர் நடப்பதாகவே செயலி எண்ணிக்கொள்ள வாய்ப்புண்டு. நடப்பவருக்குப் பரிசளிக்க வகுத்த விதி, நெரிசலில் சிக்கியவருக்கும் அதே பரிசை அளிக்கிறது.

நடைபாதையைப் பயன்படுத்தும் உரிமை, அரசமைப்புச் சட்டத்தின் 21-ஆவது பிரிவு அளிக்கும் வாழ்வுரிமையின் ஒரு பகுதி என்று உச்ச நீதிமன்றம் 2025 மே மாதம் தெளிவுபடுத்தியது. அந்த உரிமையை நிலைநாட்டும் பொறுப்பு மாநில அரசையும் கிரேட்டர் பெங்களூரு ஆணையத்தின் கீழ் உருவான ஐந்து மாநகராட்சிகளையும் சார்ந்தது.

முட்டை இலவசம், அடைகாக்கக் கட்டணம்

இரண்டாவது விலை பணம். முட்டையை விளையாட்டு நேரடியாக விற்பதில்லை. எத்தனை முறை வேண்டுமானாலும் பயன்படுத்தக்கூடிய ஓர் இன்குபேட்டர் அனைவருக்கும் இலவசமாகக் கிடைக்கிறது. ஆனால், ஒரே நேரத்தில் பல முட்டைகளைச் சேர்த்து வைக்கலாம். இலவசக் கருவியில் ஒன்றுதான் அடைகாக்கப்படும், மற்றவை காத்திருக்கும். கூடுதல் இன்குபேட்டர்களை 'போக்கேகாயின்' எனும் மெய்நிகர் நாணயம் கொடுத்து வாங்கலாம். அவை சில முறை பயன்பட்டபின் தீர்ந்துவிடும். நாணயங்களை விளையாடியும் ஈட்டலாம். அதற்கு நாளொன்றுக்கு வரம்பு உண்டு. பொறுமையில்லாதவர் பணம் செலுத்துகிறார்.

எந்த முட்டையிலிருந்து என்னென்ன வரக்கூடும் என்பதைக் காட்டும் வசதி 2021-இல் வந்தது. அரிதானவை எவை என்பதை அது அடுக்குகளாகக் காட்டியதே தவிர, வாய்ப்பு எத்தனை சதவீதம் என்று கூறவில்லை. பணம் செலவிடும் ஒருவருக்கு அவ்விவரம் அவசியம். நூற்றில் பத்து வாய்ப்பும் நூற்றில் ஒரு வாய்ப்பும் 'அரிது' என்ற ஒரே சொல்லுக்குள் அடங்கிவிடலாம்; செலவோ பத்து மடங்கு வேறுபடும்.

பிற நாடுகள் இதைக் கவனிக்கத் தொடங்கி நீண்ட காலமாகிறது. பொருள்களை முழுத் தொகுப்பாகச் சேர்த்தால் பரிசு என்ற அதிர்ஷ்ட விற்பனை முறையை ஜப்பான் 2012-இல் தடுத்தது. பணம் கொடுத்துத் திறக்கும் அதிர்ஷ்டப் பெட்டிகள் சூதாட்டமே என்று பெல்ஜியத்தின் சூதாட்ட ஆணையம் 2018-இல் அறிவித்தது. தென்கொரியாவில் 2024 மார்ச் முதல் நிகழ்தகவை வெளியிடுவது சட்டப்படி கட்டாயம்.

இந்தியச் சட்டத்தின் நிலை

கர்நாடகம் 2021-இல் காவல் சட்டத்தைத் திருத்தி, பணம் வைத்து விளையாடும் ஆன்லைன் விளையாட்டுகளைத் தடை செய்தது. அந்தத் திருத்தத்தின் முக்கியப் பிரிவுகளைக் கர்நாடக உயர் நீதிமன்றம் 2022 பிப்ரவரி 14 அன்று ரத்து செய்தது. பின்னர் 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் ஆன்லைன் விளையாட்டு ஊக்குவிப்பு மற்றும் ஒழுங்குமுறைச் சட்டத்தை நிறைவேற்றியது. அதை எதிர்த்த வழக்கும் கர்நாடக உயர் நீதிமன்றத்துக்கு வந்தது. பல்வேறு உயர் நீதிமன்றங்களில் இருந்த இத்தகைய வழக்குகளை உச்ச நீதிமன்றம் அதே ஆண்டு செப்டம்பரில் தன்னிடம் மாற்றிக்கொண்டது.

திறமை, அதிர்ஷ்டம் என்ற வேறுபாடு பாராமல், பணம் அல்லது பணத்துக்கு நிகரானதைச் செலுத்தி, ஆதாயத்தை எதிர்பார்த்து ஆடும் விளையாட்டுகளை இச்சட்டம் தடை செய்கிறது. பணம் கொடுத்து வாங்கிய மெய்நிகர் நாணயமும் பந்தயப் பொருளாகக் கருதப்படும். அப்படியானால் போக்கேகாயினும் இதில் அடங்குமா? அடங்காது என்று வாதிடவே வலுவான காரணம் உள்ளது. முட்டையிலிருந்து வரும் போகிமானைப் பணமாக மாற்ற விளையாட்டின் விதிமுறைகள் அனுமதிப்பதில்லை. பொழுதுபோக்குக்கான சமூக விளையாட்டு என்ற வகையிலேயே இது பெரும்பாலும் இடம்பெறும்.

இடைவெளி இங்குதான் உள்ளது. சட்டத்தின் பார்வை முழுவதும் பணப் பந்தயத்தின் மீது இருக்கிறது. வெல்வதற்குப் பணமே இல்லாத, ஆனால் அதிர்ஷ்டத்துக்காகப் பணம் செலவாகும் முட்டை போன்ற ஏற்பாடுகளில் வாய்ப்பு விகிதத்தை வெளியிட வேண்டும் என்ற கட்டாயம் அதில் இல்லை. தடைக்கும் முழுச் சுதந்திரத்துக்கும் இடையே, நுகர்வோருக்கு உண்மையைச் சொல்லும் கடமை விடுபட்டுவிட்டது.

காலடித் தடம் யாருக்கு?

மூன்றாவது விலை கண்ணுக்குத் தெரியாதது. நடந்த தொலைவைக் கணக்கிட, நடப்பவர் எங்கே இருக்கிறார் என்பதைச் செயலி அறிய வேண்டும். இந்தியாவின் டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், 2023, 18 வயது நிறைவடையாத அனைவரையும் குழந்தைகள் என வரையறுக்கிறது. அமெரிக்காவின் குழந்தைகள் தனியுரிமைச் சட்டம் 13 வயதுக்கு உட்பட்டோரை மட்டுமே உள்ளடக்குகிறது. குழந்தைகளின் தரவைக் கையாளப் பெற்றோரின் சரிபார்க்கத்தக்க ஒப்புதல் வேண்டும். அவர்களைப் பின்தொடர்வதும் அவர்களின் நடத்தையைக் கண்காணிப்பதும் கூடாது என்கிறது இந்தியச் சட்டம். விதிவிலக்கு அளிக்கும் அதிகாரம் அரசுக்கு உண்டு. இதற்கான விதிகள் 2025 நவம்பரில் அறிவிக்கப்பட்டன. நிறுவனங்களுக்கான முக்கியக் கடமைகள் 18 மாதங்களுக்குப் பிறகே நடைமுறைக்கு வரும்.

பின்தொடராமல் முட்டை பொரிய வழியில்லை. 16 வயது மாணவர் பள்ளியிலிருந்து வீடு திரும்பும் பாதையை விளையாட்டுக்காகப் பதிவு செய்வது, சட்டம் விலக்கும் கண்காணிப்பா அல்லது சேவைக்குத் தேவையான கணக்கீடா? இதற்கு விடை காண்பது அவசரம். ஏனெனில், இந்தத் தரவுகளின் பொறுப்பாளரே மாறிவிட்டார். நியாண்டிக் தனது விளையாட்டுப் பிரிவை 350 கோடி டாலருக்கு ஸ்கோப்லி நிறுவனத்துக்கு விற்பதாக 2025 மார்ச்சில் அறிவித்தது; மே மாத இறுதியில் கைமாற்றம் நிறைவடைந்தது. ஸ்கோப்லியின் உரிமையாளர், சவூதி அரேபிய அரசு முதலீட்டு நிதியத்தின் சேவி கேம்ஸ் குழுமம். 2016-இல் கப்பன் பூங்காவில் 'ஏற்கிறேன்' என்று அழுத்தியவர்கள் இந்த மாற்றத்தை எண்ணிப் பார்த்திருக்க வாய்ப்பில்லை.

செய்ய வேண்டியவை

இந்த விளையாட்டைத் தடை செய்யக் கோருவதற்குக் காரணம் ஏதுமில்லை. வீட்டுக்குள் அமர்ந்து ஆடும் விளையாட்டுகளுக்கு நடுவே, இளைஞர்களைப் பூங்காவுக்கு அழைத்துவரும் விளையாட்டு வரவேற்கத்தக்கது. ஆனால், வாய்ப்பு விகிதத்தைச் சதவீதத்தில் வெளியிடும் கடமையை விதிகள் வழியே மத்திய அரசு கொண்டுவரலாம். நடையை எண்ணுவதற்கான இருப்பிடத் தகவலை எவ்வளவு காலம் வைத்திருக்கலாம், வேறு எதற்குப் பயன்படுத்தக் கூடாது என்பதைத் தரவுப் பாதுகாப்பு வாரியம் தெளிவுபடுத்த வேண்டும். பெற்றோர் தம் பங்குக்கு, கைப்பேசியில் பணம் செலுத்தும் அனுமதியையும் பின்னணி இருப்பிட அனுமதியையும் இன்றே சரிபார்க்கலாம்.

மீதமுள்ள பணி மாநகராட்சிகளுடையது. போகிமானைத் தேடி நடப்பவருக்கும் பேருந்து நிறுத்தத்துக்கு நடக்கும் முதியவருக்கும் தேவைப்படுவது, இடறாமல் நடக்க ஏற்ற அதே நடைபாதைதான்.